ரெண்டு விரல் கயிறு

மூன்றாவது தோசையைத் திருப்பிப் போடும்போது இருட்டிவிட்டது. போச்சு, என்று ஆவுடையம்மாள் தோசைத்திருப்பியைக் கீழே வைத்தாள். விடிந்து இன்னும் குளித்த தலைகூடக் காயவில்லை, அதற்குள் இருட்டு. இந்த உலகத்துச் சூரியனுக்கு என்றைக்கு வாக்குச் சுத்தம் இருந்தது? நினைத்தால் வரும், நினைத்தால் போகும். ஒரு பகல் மூன்று தூக்கத்துக்கு நீளும், இன்னொரு பகல் உலை கொதிக்கும் முன்னே முடிந்துபோகும். உலகம் நொண்டிக்கொண்டு சுற்றுகிறது என்று பள்ளிக்கூடத்தில் சொல்லித் தருகிறார்கள். நொண்டட்டும், யார் வேண்டாம் என்றது, இருட்டினால் அது ராத்திரியா வெறும் இமைப்பா என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டு நொண்டக் கூடாதா? அந்த ஒரு வார்த்தையைச் சொல்லத்தான் ஆவுடையம்மாளைச் சங்குவீட்டில் குடிவைத்திருக்கிறார்கள். சுவரைத் தடவி ஆணியில் தொங்கிய கயிற்றை எடுத்து, நுனியை அடுப்புத் தணலில் காட்டி ஊதி மறுபடி ஆணியிலேயே மாட்டினாள். பெட்டிக்கடையில் பீடி பற்றவைக்கத் தொங்குமே, அதே தேங்காய்நார்க் கயிறுதான். நுனியிலிருந்து ஒரு சாண் தள்ளி ஒரு முடிச்சு. நெருப்பு அந்த முடிச்சைத் தொடுவதற்குள் வெளிச்சம் வந்து உள்ளங்கை ரேகை தெரிந்துவிட்டால் அது இமைப்பு. நாள் அதே நாள்தான், விட்ட இடத்திலிருந்து வேலையைப் பார்க்கலாம். தொட்டுவிட்டால் ராத்திரி. கைப்பிடி வைத்த ஊதுசங்கைச் சுற்றி ஊருக்குச் சொல்ல வேண்டும், வாசல் பலகையில் அடுத்த நாளின் எண்ணை எழுத வேண்டும். கடிகாரம் என்று ஒன்றையும் செய்துதான் பார்த்தார்கள். மேலத்தெருவில் ஓடியது, கீழத்தெருவில் படுத்துக்கொண்டது. பக்கத்துப் பக்கத்துத் தெருவிலேயே நேரம் வேறு வேறு வேகத்தில் போகிற ஊரில் கடிகாரம் என்ன செய்யும், பாவம். ஆக, சங்குவீட்டில் எரிகிற கயிறுதான் ஊருக்கெல்லாம் நேரம். ஆவுடையக்கா கயிறு பொய் சொல்லாது என்று ஊரில் சொல்வார்கள். அதைக் கேட்டால் முன்பெல்லாம் அவளுக்குத் தலை நிமிரும். இப்போது கேட்காதது மாதிரி அடுப்பங்கரைக்குப் போய்விடுகிறாள்.

"மதினி, இருக்கியளா?" என்று வாசலில் குரல் கேட்டதும் கை அப்படியே நின்றுவிட்டது. சொர்ணக்கிளி. இந்த ஊரில் எத்தனை வாசல் இருக்கிறது, இருட்டுகிறபோது இவளுக்கு இந்த வாசல்தானா கிடைத்தது. "வா சொர்ணம், பாத்து வா, படிகிட்ட அம்மி கெடக்கு." சொர்ணக்கிளி தடவித் தடவி வந்து சுவரோரம் உட்கார்ந்தாள். இனி அவள் எழுந்து போக முடியாது. ராத்திரியா இமைப்பா என்று தெரியாத இருட்டில் யாரும் எதையும் தொடங்கக் கூடாது, முடிக்கவும் கூடாது. நடந்துகொண்டிருந்தவன் கிட்டே இருக்கிற வீட்டில் ஒதுங்க வேண்டும், சண்டை போட்டவர்கள் பாதிச் சண்டையோடு வாயை மூடிக்கொள்ள வேண்டும், கல்லில் கிடக்கிற தோசையைக்கூட எடுக்கக் கூடாது. அது கருகத் தொடங்கியிருந்தது. "உங்களக் கூட்டிட்டுப் போகத்தான் மதினி வந்தேன். இன்னைக்கு முப்பத்திநாலுல்லா. அவுக நாளு. படையலெல்லாம் ஆக்கி வச்சிட்டேன். நீங்க வந்து அந்தச் சொம்புத் தண்ணிய மட்டும் உங்க கையால வைக்கணும்." எதுக்குளா என் கையால, என்று கேட்கத்தான் வாயெடுத்தாள். "அவுக போனதுலேர்ந்து பெத்த தாய் மாதிரி வந்து வந்து பாத்தது நீங்கதானே," என்றாள் சொர்ணக்கிளி, கேட்காமலே.

வந்து வந்து பார்த்தது. ஆமாம், பார்த்தாள். கருவாட்டுக் குழம்பு கொண்டுபோய்க் கொடுத்தாள், காய்ச்சலாகக் கிடந்தபோது கஞ்சி வைத்துக் கொடுத்தாள், அவள் தலைக்கு எண்ணெய் தேய்த்துவிட்டாள். தேய்க்கும்போது அந்த மண்டை கைக்குள் சூடாக இருந்தது, இந்தத் தலைக்குப் பூவில்லாமல் செய்தவள் நீதான் என்று விரல் ஒவ்வொன்றும் தனித்தனியாகச் சொன்னது. பாசமா அது? போலீசுக்குப் பயந்த திருடன் போலீஸ் ஸ்டேஷன் வாசலிலேயே சுற்றிச் சுற்றி வருவானாமே, அது. கயிற்றின் நுனியில் நெருப்பு ஒரு மிளகு அளவுக்குச் சிவப்பாக இருந்தது. ஒரு சாண் கயிறு, கட்டைவிரல் நுனியிலிருந்து சுண்டுவிரல் நுனிவரை. அதில் ஒரு விரல் எரிந்துவிட்டது. அன்றைக்கும் இதே ஆணிதான். அன்றைக்கும் முப்பத்திநாலுதான். ஒரு சுற்று முடிந்து அடுத்த சுற்றில் அதே எண் வந்து நிற்கிறது. கடல் உள்வாங்கி நண்டுப்பாறை தலைகாட்டுகிற அன்றைக்கு ஒன்று என்று எழுதுவாள், மறுபடி அந்தப் பாறை தலைகாட்டும்வரை எண்ணிக்கொண்டே போவாள். ஒரு சுற்று தொண்ணூறில் முடியும், ஒரு சுற்று நூற்றிநாற்பதைத் தாண்டும். எப்படி நீண்டாலும் எப்படிக் குறுகினாலும் முப்பத்திநாலு என்று ஒன்று வந்துதானே தீரும். வராமல் இருக்கவேண்டும் என்று வேண்டிக்கொண்டாள்கூட. முப்பத்திமூன்றிலிருந்து நேரே முப்பத்தைந்துக்குப் போக ஏதாவது வழி இருக்கிறதா என்று யோசித்தாள். தனக்குத்தானே சிரிப்பு வந்தது. ஒரு நாளை விழுங்கினவளுக்கு இன்னொரு நாளை விழுங்குவது பெரிய காரியமா.

விழுங்கத்தான் செய்தாள். யார் இல்லை என்றது. மகள் செவ்வந்திக்கு நிச்சயதார்த்தம். மாப்பிள்ளை வீட்டார் வடக்கூரிலிருந்து வண்டி கட்டி வருகிறார்கள். அதற்கு முன்னால் ஒருதரம் இப்படித்தான் கிளம்பினார்கள், பாதி வழியில் ராத்திரியாகிவிட்டது, குறித்த நாள் தப்பிப்போச்சு என்று வண்டியைத் திருப்பிவிட்டார்கள். இன்னொருதரம் இப்படி ஆச்சுன்னா எங்களுக்கு வேற இடம் இருக்கு, என்று அந்த மாப்பிள்ளையின் அம்மா சொல்லியனுப்பினாள், வாயா அது. செவ்வந்தி அந்தப் பையனைத்தான் கட்டுவேன் என்று மூன்று நாள் சோறு தின்னவில்லை, அந்த மூன்று நாளும் நெடும்பகல்கள் வேறு. அப்புறம் முப்பத்திநாலைக் குறித்தார்கள். வீட்டில் தாம்பாளம், பழம், வெற்றிலை எல்லாம் அடுக்கியாச்சு, செவ்வந்தி பச்சைப் பட்டில் நிற்கிறாள், வண்டி மணிச்சத்தம் பனங்காட்டுப் பக்கம் கேட்கிறது, இருட்டு. கயிற்றைப் பற்றவைத்தாள். செவ்வந்தி வாசற்படியில் நின்று கயிற்றையே பார்த்துக்கொண்டிருந்தாள், அம்மா என்றுகூடக் கூப்பிடவில்லை. நெருப்பு போகிறது, போகிறது, வெளிச்சம் வரக் காணோம். முடிச்சுக்கு ஒரு நெல்லளவு இருக்கும்போது ஆவுடையம்மாளின் கை போயிற்று. மனசு போகவில்லை, கைதான் போயிற்று, சத்தியமாக. கை போய் முடிச்சை நகத்தால் நெருடி அவிழ்த்தது. ரெண்டு விரல் தள்ளி மறுபடி போட்டது. இறுக்கக்கூட இல்லை. நெருப்பு அந்த ரெண்டு விரலின் பாதியில் இருக்கும்போது கிழக்கே வெளுத்து ரேகை தெரிந்தது. இமைப்பு! என்று அவள் வாசலில் வந்து கத்தினாள், செவ்வந்தி ஓடி வந்து கழுத்தைக் கட்டிக்கொண்டாள். அப்போது சந்தோஷமாகத்தான் இருந்தது, அதையும் சொல்லித்தானே ஆக வேண்டும். வண்டி வந்தது, தாம்பாளம் மாற்றினார்கள், முப்பத்திநாலுக்குள்ளேயே.

"மதினி, கருகுத வாடை வருது." "கெடக்கட்டும் சொர்ணம், எடுக்கப்படாதுல்லா." "அவுகளுக்குத் தோசை கருகுனாத்தான் பிடிக்கும். ஓரமெல்லாம் முறுமுறுன்னு இருக்கணும்பாக." சொர்ணக்கிளி இருட்டில் சிரித்தது கேட்டது. இவள் புருஷன் பிச்சைக்கண்ணுவுக்குக் கருகின தோசை பிடிக்கும். இது தெரியாமல் இருந்தால் நன்றாக இருந்திருக்கும். செத்தவனைப் பற்றி இப்படி ஒவ்வொன்றாகத் தெரிய வருகிறது, வருகிறபோதெல்லாம் அவன் இன்னும் கொஞ்சம் ஆளாகிறான். முதலில் அவன் உப்பளத்துக்காரன், அவ்வளவுதான். எதிர்த்தாற்போல் தெரிகிற தீவில் உப்பு வாருகிற முப்பது பேரில் ஒருத்தன். அப்புறம் ஒரு கண் கொஞ்சம் பூத்தவன் என்று தெரிந்தது. அப்புறம் தூங்கும்போது பாடுவான் என்று தெரிந்தது. இப்போது தோசை. தீவில் சொட்டு நல்லதண்ணீர் கிடையாது. ஐந்து நாளைக்கு ஒருதரம், ஐந்தில் முடிகிற நாள்களில், பூஜ்யத்தில் முடிகிற நாள்களில், விடிந்ததும் தண்ணீர்ப்படகு போகும். படகுக்காரர்களுக்குப் பஞ்சாங்கம் ஆவுடையம்மாளின் வாசல் பலகைதான். அன்றைக்கு வெளிச்சம் வந்ததும் படகுக்காரன் சுடலைமாடன் படித்துறையிலிருந்து கைதட்டிக் கேட்டான், "யக்கா, ராத்திரியா இமைப்பா? பீப்பாயெல்லாம் ஏத்தியாச்சு." "இமைப்புதான்டே, இன்னும் முப்பத்திநாலுதான்." "அப்ப நாளைக்கா?" "நாளைக்குத்தான்." அவ்வளவுதான் பேச்சு. சுடலைமாடன் படகை மறுபடி கட்டிவிட்டுச் சீட்டுக்கட்டை எடுத்துப் பிரித்தான். மாப்பிள்ளை வீட்டாருக்குக் காப்பி கொண்டுபோகும்போது ஜன்னல் வழியாக அவர்கள் சீட்டாடுவதைப் பார்த்தாள். பார்த்தாள், பார்த்துவிட்டுச் சீனி போதுமா சம்பந்தி என்று கேட்டாள். அந்தச் சீனி போதுமா இருக்கிறதே, அதுதான் தொண்டையில் நிற்கிறது. முடிச்சைத் தள்ளிப் போட்டதுகூட இல்லை. கை போயிற்று என்று முடிச்சுக்குச் சொல்லிக்கொள்ளலாம். சீனி போதுமா என்று கேட்டது வாய்தானே, மனசறிந்துதானே. படகு போக வேண்டிய நாள் இது என்று தெரியும். ஒரு நாள்தானே, அங்கே தண்ணீர் கொஞ்சம் மிச்சம் இருக்கும் என்று அவளே முடிவுசெய்துகொண்டாள். யாரைக் கேட்டு?

மிச்சம் இல்லை. தீவில் அந்த இருட்டை ராத்திரி என்றே எல்லோரும் படுத்துத் தூங்கி எழுந்திருக்கிறார்கள். முப்பத்தைந்து, படகு வரும் என்று மிச்சத் தண்ணீரைக் காலையிலேயே குடித்து முடித்துவிட்டார்கள். அப்புறம் அந்த வெயில். இங்கே நிச்சயதார்த்த வீட்டில் வெற்றிலை மடித்து முடிவதற்குள் அந்தப் பகல் ஓடிவிட்டது, என்ன இவ்வளவு சீக்கிரம் என்றுகூட யாரோ சொன்னார்கள். தண்ணீருக்கு அந்தப் பக்கம், கண்ணுக்குத் தெரிகிற தூரத்தில், அதே பகல் நகரவே இல்லையாம். உச்சிக்கு வந்த சூரியன் அங்கேயே நின்றுகொண்டதாம். ரெண்டு தூக்கத்துக்கான வெயில் என்றார்கள். உப்பின் மேல் விழுந்து எழும்பும் வெயில், கண்ணைத் திறக்க முடியாத வெள்ளை. பிச்சைக்கண்ணு எல்லோருக்கும் முன்னால் எழுந்துபோய்ப் படகு வருகிறதா என்று பார்த்தானாம், வந்துவிடும் வந்துவிடும் என்றானாம், பலகை பொய் சொல்லாது என்றானாம். கடைசியில் பாத்தி வரப்பிலேயே விழுந்துவிட்டான். மற்றவர்கள் நிழலில் கிடந்து பிழைத்தார்கள். ஏற்கெனவே அவனுக்கு நெஞ்சில் கோளாறு என்று வைத்தியர் சொன்னார். அந்த வார்த்தையை ஆவுடையம்மாள் எத்தனை முறை எடுத்துத் தடவிப் பார்த்திருக்கிறாள். நெஞ்சில் கோளாறு, ஆகவே அவன் எப்படியும் போயிருப்பான். எப்படியும் போயிருப்பானா? போயிருப்பான். தண்ணீர் குடித்துவிட்டுப் போயிருப்பான். ஊர் என்ன சொன்னது? அந்த இருட்டு அங்கே ஒரு மாதிரி, இங்கே ஒரு மாதிரி, நேரக் கோளாறு, யாரைக் குற்றம் சொல்ல, என்றது. யாரும் அவளைக் கேட்கவில்லை. ஒருத்தராவது கேட்டிருந்தால் அன்றைக்கே சொல்லியிருப்பாள். சொல்லியிருப்பாளா? செவ்வந்தி இப்போது முழுகாமல் இருக்கிறாள், முந்தாநாள் எள்ளுருண்டை செய்து கொடுத்தனுப்பினாள், டப்பா திறக்காமல் பரணில் இருக்கிறது. அந்தப் பிள்ளைமேல் என்ன பாவம். ஆனாலும் அந்த வயிற்றைத் தொட்டுப் பார்க்க அவள் இன்னும் போகவில்லை.

நெருப்பு முடிச்சை நோக்கி வந்துகொண்டிருந்தது. ஒரு சாணில் நாலு விரல்கூட மிச்சமில்லை. "வெளிச்சம் வந்திரும்லா மதினி?" என்றாள் சொர்ணக்கிளி. இப்போது குரலில் சிரிப்பு இல்லை. "ராத்திரியாப் போச்சுன்னா முப்பத்திநாலு போயிரும். நீங்க வந்ததும் இலையப் போட்டு வைக்கணும்னு அவ்வளவையும் ஆக்கி வச்சிட்டு வந்தேன். அவுக வந்து வாசல்ல நிப்பாக. தண்ணி தண்ணின்னு போன மனுசன். வந்து பாத்து, சொம்பு இல்லாட்டா, அடுத்த சுத்து வரைக்கும் தவிச்சுக்கிட்டுல்லா அலைவாக." செத்தவர்கள் தாங்கள் போன நாளில்தான் வாசலுக்கு வருவார்கள், ஒரு நாள் முந்தியும் வரமாட்டார்கள், ஒரு நாள் பிந்தியும் வரமாட்டார்கள். இது பச்சைப்பிள்ளைக்கும் தெரியும். அவளுக்கும் தெரியும். ஆனால் இதுவரை, இந்த நிமிஷம்வரை, இந்த ரெண்டையும் சேர்த்து நினைக்கவில்லை, நினைக்காமல் எப்படி இருந்தாள், அவ்வளவு கெட்டிக்காரியா. பிச்சைக்கண்ணு போனது முப்பத்திநாலில் இல்லை. முப்பத்தைந்தில். அவள் விழுங்கின முப்பத்தைந்தில். இன்றைக்கு அவன் வரமாட்டான். வாசலில் இலை போட்டுச் சொம்பு வைத்து இவள் உட்கார்ந்திருப்பாள், யாரும் வரமாட்டார்கள். நாளைக்கு வருவான். நாளைக்கு வந்து, கழுவிக் கவிழ்த்த சொம்பைப் பார்த்துவிட்டு நிற்பான். போன தடவை தண்ணீர் கொடுக்காதவள் இந்தத் தடவையும் கொடுக்கவில்லை. அந்தக் கையால் சொம்பு வைக்கச் சொல்லிக் கூப்பிட வந்திருக்கிறாள் இவள்.

இமைப்பாக இருந்துவிடட்டும், என்று மனசு ஒரு பக்கம் கெஞ்சியது. இமைப்பாகிவிட்டால் நாள் அதே நாள், இவள் சந்தோஷமாகப் படையல் போடுவாள், இவளுக்கு ஒன்றும் தெரியப் போவதில்லை. சந்தோஷமாக இருந்துவிட்டுப் போகட்டுமே, பாவம், இதுவரை பட்டது போதாதா. இது இரக்கம்தானே. அன்றைக்கும் இதே குரல்தான், இதே மாதிரி நைச்சியமாகத்தான் பேசியது, பெற்ற பிள்ளை பாவம், ஒரு நாள்தானே என்று. நெருப்புக்கும் முடிச்சுக்கும் நடுவில் இப்போது ரெண்டு விரல்தான். ரெண்டு விரல் எவ்வளவு நேரம் எரியும்? கல்லில் கிடந்த தோசை கருகி முடித்து வாடையும் ஓய்ந்துவிட்டது. வெளியே ஊர் முழுக்க மூச்சுக் காட்டாமல் உட்கார்ந்திருந்தது, ஒரு குழந்தை மட்டும் எங்கோ சிணுங்கியது, அதற்கு இந்தச் சட்டமெல்லாம் தெரியாது. ரெண்டு விரல் ஒன்றரையானது. ஆவுடையம்மாள் கயிற்றைவிட்டுக் கையை எடுத்து முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டாள். இந்தக் கையை நம்ப முடியாது. ஒரு விரலானது. கிழக்கே ஜன்னலில் கறுப்பு லேசாகக் கரைந்த மாதிரி இருந்தது. சொர்ணக்கிளி தடாரென்று எழுந்தாள். "மதினி! வெளுக்கு மதினி! ரேகை தெரியுதா பாருங்க. எனக்குத் தெரியுத மாதிரிதான் இருக்கு." ஆவுடையம்மாள் ஒரு வார்த்தை சொன்னால் போதும். ஆமா சொர்ணம் தெரியுது, என்று. கண் மங்கின பொம்பளையே தெரியுது என்றால் யார் வந்து அளந்து பார்க்கப் போகிறார்கள். ஆவுடையம்மாள் கையை முன்னால் கொண்டுவந்து விரித்துக் கண்ணுக்கருகில் பிடித்தாள். கை இருக்கிற இடம் தெரிந்தது. விரல் அஞ்சும் தெரிந்தது. ரேகை தெரியவில்லை. அவள் இமைக்காமல் பார்த்தாள், தெரியவில்லை. கயிற்றில் சின்னதாக ஒரு சத்தம், முடிச்சு பற்றிக்கொண்டு பெரிய பொட்டு மாதிரி சிவந்தது.

அவள் எழுந்து போய்ச் சங்கின் கைப்பிடியைப் பிடித்துச் சுற்றினாள். முதலில் முனகி, அப்புறம் எழும்பி, ஊர் முழுக்க அந்தச் சத்தம் போயிற்று. ராத்திரி. வீடுகளில் கதவு திறக்கும் சத்தம், பேச்சு, யாரோ யாரையோ விட்ட இடத்திலிருந்து திட்டத் தொடங்கினார்கள். "ஐயோ," என்று சொர்ணக்கிளி தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டாள். "போச்சே மதினி. அவ்வளவும் போச்சே. தண்ணிகூட வைக்கலியே நான். ஒரு நிமிசம் பொறுத்திருக்கப்படாதா நீங்க, இந்தா வெளுக்குல்லா." வெளுக்கத்தான் செய்தது. ஒரு வாய்ப் பேச்சுக்கு நிற்காத ராத்திரி. ஆவுடையம்மாள் பலகையில் இருந்த முப்பத்திநாலை முந்தானையால் துடைத்தாள், சுண்ணாம்புக்கட்டியை எடுத்து முப்பத்தைந்து என்று எழுதினாள். எழுதிவிட்டு அங்கேயே நின்றாள். இப்போது சொல்லாவிட்டால் இனி எப்போதும் இல்லை. "சொர்ணம், அழாத. அவன் நாளு போகல. இன்னைக்குத்தான் அவன் நாளு." சொர்ணக்கிளி மூக்கை உறிஞ்சிக்கொண்டு நிமிர்ந்து பார்த்தாள். "என்ன மதினி சொல்லுதிய, பலகையில முப்பத்திநாலுன்னுல்லா அன்னைக்கு." "பலகையில நான் எழுதுனது பொய்யி. அன்னைக்கு வந்தது ராத்திரிதான். செவ்வந்திக்கு நாள் தப்பிரும்னு முடிச்ச நான் அவுத்துத் தள்ளிப் போட்டேன். படகு போகாம நின்னது என்னாலதான். உன் புருசனுக்குத் தண்ணி போகாதது என்னாலதான். நீ என் கையால சொம்பு வைக்கச் சொல்லுத."

சொர்ணக்கிளி கத்துவாள் என்று நினைத்தாள். மயிரைப் பிடித்து இழுப்பாள், தெருவைக் கூட்டுவாள், கூட்டட்டும், அதற்குத்தானே ஒரு சுற்றாகக் காத்திருக்கிறோம் என்று நினைத்தாள். அவள் எழுந்து ஆணியருகே போனாள். முடிச்சுவரை எரிந்து போக மிச்சக் கயிறு தொங்கிக்கொண்டிருந்தது, அதன் நுனியில் நெருப்பு இன்னும் உயிரோடு இருந்தது. வெளிச்சம் நன்றாகவே வந்துவிட்டது. "எம்புட்டுத் தள்ளிப் போட்டிய?" என்று கேட்டாள், யாரோ அசலாரிடம் கேட்பதுபோல். "ரெண்டு விரல்." சொர்ணக்கிளி தன் வலது கையின் ரெண்டு விரலைச் சேர்த்துக் கயிற்றின் மேல் வைத்தாள். நெருப்புக்குப் பக்கத்திலேயே வைத்தாள், சுட்டிருக்கும், எடுக்கவில்லை. ரொம்ப நேரம் அந்த ரெண்டு விரலையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"இம்புட்டுதானா மதினி," என்றாள்.